கணக்கதிகாரத்தில் மடங்கும் ஈவும்: பலாச்சுளை, பூசணி விதைக் கணக்குகளை முன்வைத்து ஒரு மறுவாசிப்பு

ஆய்வுச் சுருக்கம்

காரிநாயனார் இயற்றியதாக வழங்கும் கணக்கதிகாரத்தில் இடம்பெறும் பலாச்சுளைக் கணக்கும் பூசணி விதைக் கணக்கும், பழத்தைப் பிளக்காமலேயே உள்ளிருப்பதைக் கண்டறியும் பண்டைத் தமிழரின் அறிவியல் உத்திகளாக இன்று பரவலாகப் போற்றப்படுகின்றன. இவ்விரு பாடல்களும் தாவரவியல் விதிகள் அல்ல என்பதும், மடங்குகளைக் கொண்டு கணக்குத் தீர்க்கும் பயிற்சிகளாக அவற்றை வாசிப்பதே பொருந்தும் என்பதும் இக்கட்டுரையின் வாதங்களாகும். அவ்வாறு வாசிக்கும்போது, 3ஆல் வகுக்கும் இடத்தில் காணப்படும் முன்னேற்பாடும் 5ஆல் வகுக்கும் இடத்தில் அது காணப்படாமையும் தமிழ்ச் சிற்றிலக்க முறையின் அமைப்போடு பொருந்தி வருவது புலனாகிறது.

திறவுச்சொற்கள்: கணக்கதிகாரம், மடங்கு, சிற்றிலக்கம், முந்திரி, எண்சுவடி, திண்ணைப்பள்ளி, மீச்சிறு பொது மடங்கு

முன்னுரை

தமிழில் கிடைக்கும் கணித நூல்களுள் மிகுதியாக எடுத்தாளப்படுவது கணக்கதிகாரம். நிலம், பொன், நெல், அரிசி, கல் முதலியவற்றை அளக்கும் கணக்குகளோடு பொதுக் கணக்குகளும் இதில் அடங்கும். பல சுவடிகளை ஒப்பிட்டுத் தஞ்சாவூர் சரசுவதி மகால் நூலகம் 1998இல் வெளியிட்ட தொகுப்பு நூல், இந்நூல் ஒரே வடிவில் நிலைபெற்ற நூலன்று, பயில்வோரும் பயிற்றுவோரும் கூட்டியும் குறைத்தும் வழங்கிவந்த நூல் என்பதை உணர்த்துகிறது.

இத்தகைய நூலிலிருந்து பொதுவெளியில் அறியப்பட்டவை மிகச் சில பாடல்களே. அவற்றுள் முதலிடம் பெறுபவை பலாச்சுளைக் கணக்கும் பூசணி விதைக் கணக்கும். மேடைப் பேச்சுகளிலும் மாணவர்க்கான துணைநூல்களிலும் இவை எடுத்துக்காட்டப்படும் முறை பெரும்பாலும் ஒன்றே: பாடல் தரப்படும், அதன் பொருள் இற்றைக்கால எண் குறியீட்டில் விளக்கப்படும், முன்னோரின் நுண்ணறிவு வியக்கப்படும். பாடல் கூறும் விடை சரியா என்னும் வினா எழுப்பப்படுவதில்லை. அவ்வினாவை எழுப்புவோர் விடை தவறெனக் கண்டு பாடலையே ஒதுக்கிவிடுகின்றனர். போற்றுவோர், ஒதுக்குவோர் ஆகிய இரு சாராரும் பாடல் எதைச் செய்கிறது என்பதை ஆராயாமலே நகர்ந்துவிடுகின்றனர்.

இரு கணக்குகளும் அவற்றின் நடைமுறையும்

பலாச்சுளைக் கணக்கின் நடைமுறை எளியது. பழத்தின் காம்பருகே உள்ள சிறுமுட்களை எண்ண வேண்டும். வந்த தொகையை 6ஆல் பெருக்க வேண்டும். பின்னர் 5ஆல் வகுக்க வேண்டும். வருவது சுளைகளின் எண்ணிக்கை. முட்கள் 100 எனக் கொண்டால் 600 ஆகி, 5ஆல் வகுபட்டு, 120 சுளை என்றாகும்.

பூசணி விதைக் கணக்கு இதனினும் நீண்டது. பரவலாக வழங்கும் பாடத்தின்படி, காயின் மேலுள்ள கீற்றுகளை எண்ணி, அத்தொகையை 3ஆலும் 6ஆலும் 5ஆலும் அடுத்தடுத்துப் பெருக்க வேண்டும். பின்னர்ப் பாதியைத் தள்ளி, எஞ்சியதை 3ஆல் வகுக்க வேண்டும். கீற்றுகள் 10 எனின் 30, 180, 900, 450, 150 எனத் தொகை படிப்படியாக மாறி, விதைகள் 150 என முடியும். கீற்றுகள் 7 எனின் 21, 126, 630, 315, 105 என வரும்.

இரண்டையும் இற்றைக்கால முறையில் சுருக்கினால், முதலாவது ‘முட்களின் ஐந்தில் ஆறு மடங்கு’ என்றும், இரண்டாவது ‘கீற்றுகளின் 15 மடங்கு’ என்றும் நிற்கும். 3, 6, 5 ஆகிய மூன்றின் பெருக்கற்பலன் 90. பாதியாக்கி 3ஆல் வகுத்தல் என்பது 6ஆல் வகுத்தலுக்குச் சமம். 90ஐ 6ஆல் வகுத்தால் 15. ஒரே பெருக்கலில் முடியக்கூடிய கணக்கைப் பாடல் ஐந்து படிகளில் நடத்துகிறது. விதைகளை எண்ணுவது மட்டுமே நோக்கமாயின் ‘கீற்றெண்ணிப் பதினைந்தால் பெருக்குக’ என்பதே போதும். இந்த நீட்சிக்குரிய காரணத்தை ஆராயாத வாசிப்பு முழுமை பெறாது.

தாவரவியல் நோக்கில் ஒரு சோதனை

பலாப்பழம் ஒரு தனிப் பூவிலிருந்து உருவாவதன்று. ஒரே தண்டில் நெருங்கிய பல பூக்கள் ஒன்றிணைந்து உருவாகும் கூட்டுக்கனி. புறத்தே காணப்படும் ஒவ்வொரு முள்ளும் ஒரு பூவின் நுனியைக் குறிப்பது. மகரந்தம் சேர்ந்து கருவுற்ற பூக்கள் சுளைகளாகின்றன. கருவுறாதவை சுளைகளுக்கிடையே நார்போன்ற சடைகளாகத் தங்கிவிடுகின்றன. ஆகவே முள்ளுக்கும் சுளைக்கும் தொடர்புண்டு என்பது உண்மையே. ஆயினும் எத்தனை பூக்கள் கருவுறும் என்பது மரத்துக்கு மரம், ஒரே மரத்திலும் பழத்துக்குப் பழம் மாறுபடும். காம்பருகே உள்ள முட்களைக் கொண்டு பழம் முழுவதிலும் கருவுற்ற பூக்களின் தொகையை ஒரு மாறா விகிதத்தால் கூறுதல் இயலாது.

பூசணியின் நிலையும் அதுவே. விதைகளின் எண்ணிக்கை பெரிதும் மகரந்தச் சேர்க்கையின் அளவைப் பொறுத்தது. ஒரே கொடியில் ஒரே எண்ணிக்கையிலான கீற்றுகளோடு காய்த்த இரு காய்களில் விதைகள் ஒத்திருக்க வேண்டிய தேவையில்லை.

பாடல்களுக்குள்ளேயே இதற்கு ஓர் அகச்சான்று உண்டு. முட்கள் 101 எனின் விதிப்படி 606ஐ 5ஆல் வகுக்க, 121உம் ஐந்தில் ஒன்றும் வரும். சுளை முழுப் பொருள். ஐந்தில் ஒரு சுளை பழத்துக்குள் இருக்க இயலாது. உண்மையில் சுளைகளை எண்ணிப் பார்ப்பதற்கான விதியாயின், எஞ்சும் பின்னத்தைத் தள்ளுவதா கூட்டுவதா என்ற குறிப்பு தேவைப்படும். பாடலில் அத்தகைய குறிப்பு இல்லை. ஆசிரியரின் கவனம் சுளையின் மீதன்றிப் பெருக்கல், வகுத்தல் ஆகிய செயல்களின் மீதே நின்றது என்று கருத இது இடமளிக்கிறது.

கணக்கதிகாரம் துல்லியமான விதிகளை அறியாத நூலும் அன்று. வட்டத்தின் சுற்றளவில் பாதியையும் விட்டத்தில் பாதியையும் பெருக்கிப் பரப்பைக் காணும் விதி இந்நூலில் உண்டு. அது முற்றிலும் சரியானது. துல்லியமான விதியும் பயிற்சிக்குரிய கணக்கும் ஒரே நூலில், ஒரே யாப்பு நடையில் அருகருகே இடம்பெறுகின்றன. இவற்றை வேறுபடுத்தி அறிவது வாசிப்போர் கடமை. எல்லாவற்றையும் ‘அறிவியல்’ என்னும் ஒரே தலைப்பின்கீழ்ப் போற்றும்போது, உண்மையான விதியும் தன் தனித்தன்மையை இழக்கிறது.

சிற்றிலக்கங்களில் உறைந்துள்ள மடங்குகள்

இக்கணக்குகளின் அமைப்பை அறியத் தமிழ்ச் சிற்றிலக்க முறையை நோக்க வேண்டும். தமிழில் பின்னங்கள் மேலெண், கீழெண் என இரண்டாகப் பிரிந்து நிற்பதில்லை. ஒவ்வொன்றும் தனிப்பெயர் கொண்ட எண்ணாகவே நிற்கும். அரை, கால், அரைக்கால் (1/8), மாகாணி (1/16) என்பது ஒரு வரிசை. இது பாதி பாதியாகப் பகுத்துச் செல்வது. நாலுமா (1/5), மும்மா (3/20), இருமா (1/10), மா (1/20) என்பது மற்றொரு வரிசை. இது 20ஐ அடிப்படையாகக் கொண்டது. இவ்விரு வரிசைகளும் சந்திக்கும் இடம் காணி (1/80).

16, 20 ஆகிய எண்களின் மீச்சிறு பொது மடங்கு 80. ஆதலால் மாகாணி என்பது 5 காணி; மா என்பது 4 காணி. மாவும் காணியும் சேர்ந்தது மாகாணி என்பதை அச்சொல்லே உணர்த்துகிறது. இன்றைய மாணவர் 1/16க்கும் 1/20க்கும் பொதுப் பகுதி காண மடங்குகளை வரிசையாக எழுதிப் பார்க்கிறார். திண்ணைப்பள்ளி மாணவருக்கு அந்த விடை சொல்லின் வடிவிலேயே கிடைத்தது.

காணியை மேலும் நான்காகப் பகுத்தால் முந்திரி (1/320). முந்திரியை அலகாகக் கொண்டால் மேற்கண்ட சிற்றிலக்கங்கள் எல்லாம் அதன் முழு மடங்குகளாகிவிடும்: காணி 4, அரைமா 8, மா 16, மாகாணி 20, இருமா 32, அரைக்கால் 40, மும்மா 48, நாலுமா 64, கால் 80, அரை 160, முக்கால் 240. அரைக்காலையும் மும்மாவையும் கூட்ட வேண்டுமெனில் 40உம் 48உம் சேர்ந்து 88 முந்திரி. அதில் 80 கால், 8 அரைமா. ஆகவே விடை காலே அரைமா. பின்னக் கூட்டல் முழுவெண் கூட்டலாக மாறிவிடுகிறது.

இம்முறைக்கு ஓர் எல்லையும் உண்டு. 320 என்பது 2, 5 ஆகிய இரு பகா எண்களால் மட்டுமே ஆனது. அதனால் மூன்றில் ஒன்றை முந்திரியின் முழு மடங்காகக் கூற இயலாது. முந்திரியை மீண்டும் 320ஆகப் பகுக்கும் கீழ்முந்திரிக்குச் (1/1,02,400) சென்றாலும் அந்நிலை மாறுவதில்லை. இம்மியை 1/10,75,200 எனக் கொள்ளும் வாய்பாட்டில்தான் 3, 7 ஆகிய காரணிகள் நுழைகின்றன. அந்த அலகில் மூன்றில் ஒன்று 3,58,400 இம்மியாகும். கோட்பாட்டளவில் அது சரியான விடை. மனக்கணக்கிற்கோ அங்காடி வழக்கிற்கோ உதவாது.

காக்கப்பட்ட வகுத்தலும் காக்கப்படாத வகுத்தலும்

இப்பின்னணியில் இரு பாடல்களையும் மீண்டும் நோக்கினால் ஒரு வேறுபாடு தெளிவாகும்.

பூசணிக் கணக்கில் இறுதிச் செயல் 3ஆல் வகுத்தல். கீற்றுகளின் எண்ணிக்கை எதுவாயினும் முதற்படியிலேயே அது 3ஆல் பெருக்கப்பட்டுவிடுகிறது. ஆகவே இறுதியில் 3ஆல் வகுக்கும்போது மீதி எஞ்ச வழியில்லை. பாதியாக்கும் படியும் அவ்வாறே. 6ஆல் பெருக்கிய பின்னரே பாதி கேட்கப்படுகிறது. கீற்றுகள் 7 ஆயினும் 11 ஆயினும் விடை முழுவெண்ணாகவே வரும். இதனைக் ‘காக்கப்பட்ட வகுத்தல்’ எனலாம்: வகுக்கும் எண்ணின் மடங்காகத் தொகையை முன்னரே ஆக்கிக்கொண்டு, பின்னர் வகுத்தல்.

பலாக் கணக்கில் இந்தக் காப்பு இல்லை. 6ஆல் பெருக்கி 5ஆல் வகுக்கும்போது, முட்களின் தொகை 5இன் மடங்காக இருந்தாலன்றிப் பின்னம் எஞ்சும். ஆயினும் அப்பின்னம் மாணவரை இடர்ப்படுத்துவதில்லை. ஐந்தில் ஒன்று எஞ்சினால் அதற்கு நாலுமா என்ற பெயர் உண்டு. ஐந்தில் இரண்டு எஞ்சினால் எட்டு மா, அதாவது காலும் மும்மாவும் என்று கூறலாம். 101 முட்களுக்குரிய விடை நூற்றிருபத்தொன்றே நாலுமா. சுளைக்குப் பொருந்தாத இவ்விடை கணக்குப் பயிற்சிக்கு முற்றிலும் பொருந்துகிறது.

சிற்றிலக்க வரிசையில் இடம்பெறாத 3ஆல் வகுக்கும்போது முன்னேற்பாடு செய்யப்படுகிறது. இடம்பெற்ற 5ஆல் வகுக்கும்போது செய்யப்படவில்லை. ஐந்து படிகளின் நீட்சிக்கு இது ஒரு விளக்கமாகிறது. மற்றொரு விளக்கமும் இதனோடு சேரும். 3, 6, 5 ஆகியவற்றின் வாய்பாடுகளும், பாதியாக்கலும், மூன்றாகப் பகுத்தலும் ஒரே பாடலில் பயிலப்படுகின்றன. எண்சுவடியை மனனம் செய்த மாணவர் அதனைப் பயன்படுத்திப் பார்க்கும் களமாகப் பூசணிக்காய் அமைகிறது. திண்ணைப்பள்ளிகளில் நினைவாற்றல் வெறும் ஒப்புவித்தலுக்குரியதாக இருக்கவில்லை, கற்றலின் வழிமுறையாகவே இருந்தது என்று செந்தில் பாபு தம் ஆய்வுகளில் நிறுவியுள்ள கருத்தோடு இவ்வாசிப்பு இணங்குகிறது.

இதற்கு ஒரு மறுப்பு எழலாம். வெண்பாவின் அடிகளை நிரப்பும் தேவையே கணக்கை நீட்டியது எனக் கூறலாம். யாப்பின் தேவையை முற்றிலும் மறுப்பதற்கில்லை. ஆயினும் அடியை நிரப்ப விளிச்சொற்களும் அடைமொழிகளும் புலவர்க்கு எளிதில் கிடைக்கும். கணக்கதிகாரப் பாடல்களில் அவை மிகுதி. இங்கு அடியை நிரப்புவதும் கணக்காகவே அமைந்திருப்பதும், அக்கணக்கு வகுத்தலுக்குக் காப்பாக அமைந்திருப்பதும் யாப்பால் மட்டும் விளங்கிவிடுவன அல்ல.

மூன்றுக்குரிய இடம்: அளவைகள்

சிற்றிலக்கத்தில் இடம்பெறாத 3க்கு மரபில் இடமே இல்லை என்று முடிவு செய்தல் பிழை. அதற்குரிய இடம் அளவைகளில் அமைந்துள்ளது. முகத்தலளவையில் 8 நாழி ஒரு குறுணி, 2 குறுணி ஒரு பதக்கு, 2 பதக்கு ஒரு தூணி. ஆனால் 3 தூணி ஒரு கலம். கலத்தை மூவர் பங்கிட்டால் ஆளுக்கு ஒரு தூணி, பின்னமே எழாது. நாழிக்குக் கீழே 2 உரி ஒரு நாழி, 2 உழக்கு ஓர் உரி, 2 ஆழாக்கு ஓர் உழக்கு, 5 செவிடு ஓர் ஆழாக்கு எனச் சென்று, செவிட்டுக்கு 360 நெல் என முடியும். 360இல் 9 அடங்கியுள்ளது.

ஒரு கலம் நெல்லை 36 பேருக்குப் பங்கிடும் கணக்கை எடுத்துக்கொள்ளலாம். கலத்துக்கு 96 நாழி. 96ஐ 36ஆல் வகுத்தால் 2 நாழி போக மூன்றில் இரண்டு நாழி எஞ்சும். அதற்குச் சிற்றிலக்கத்தில் நேரான பெயரில்லை. அளவைகளின் வழியே இறங்கினால் நாழிக்கு 40 செவிடு, கலத்துக்கு 3,840 செவிடு, அதாவது 13,82,400 நெல். 36 பேருக்கு ஆளுக்கு 38,400 நெல். அது இரு நாழி, ஓர் உரி, ஓர் ஆழாக்கு, ஒரு செவிடு, 240 நெல் என மீதியின்றிப் பிரிகிறது. பங்கு பெறுவோர் 40 பேராயின் இவ்வளவு தூரம் இறங்க வேண்டியதில்லை. இரண்டு நாழியும் எட்டு மாவும் என்று உடனே கூறிவிடலாம். எந்த எண்ணுக்கு எந்த வழி எனத் தெரிந்து செல்வதே கணக்கறிவாக இருந்தது. நெல்மணியை எவரும் எண்ணிப் பங்கிட்டதில்லை; 360 என்ற எண் பங்கீட்டை மீதியின்றி முடிக்க உதவும் பொது மடங்காக நின்றது.

இற்றைப் பள்ளிக் கணக்கோடு ஓர் ஒப்பீடு

இன்றைய பள்ளிகளில் மடங்குகள் தனிப்பாடமாகக் கற்பிக்கப்படுகின்றன. அதற்குரிய வாழ்க்கைக் கணக்குகள் பெரும்பாலும் ஒரு வகையினவே: வெவ்வேறு இடைவெளிகளில் ஒலிக்கும் மணிகள் மீண்டும் எப்போது ஒருசேர ஒலிக்கும், வெவ்வேறு நேரங்களில் மாறும் விளக்குகள் மீண்டும் எப்போது ஒருசேர மாறும் என்பன. 9, 12, 15 நிமிட இடைவெளிகளில் ஒலிக்கும் மணிகள் 180 நிமிடங்களுக்குப் பின் ஒருசேர ஒலிக்கும் என்று மாணவர் விடை காண்கிறார். முறை சரியானது, ஆனால் அத்தகைய மணிகளை எவரும் கேட்டதில்லை. பூசணியின் கீற்றைப் போலவே மணியும் எண்களைத் தாங்கும் ஒரு கருவி மட்டுமே.

ஆகவே ‘உண்மை வாழ்வோடு பொருந்தவில்லை’ என்ற குறையைப் பழங்கணக்கின் மீது மட்டும் சுமத்துதல் நடுநிலையாகாது. வேறுபாடு மற்றோரிடத்தில் உள்ளது. பழங்கணக்கின் மடங்குகள் அங்காடியிலும் களத்துமேட்டிலும் வழங்கிய சிற்றிலக்கங்களோடும் அளவைகளோடும் பிணைந்திருந்தன. பயிற்சியில் வந்த பொருள் கற்பனையாயினும் பயிற்சியில் வந்த எண் நடைமுறையில் இருந்தது. 1957 ஏப்ரல் முதல் நாளில் பதின்ம நாணய முறை நடைமுறைக்கு வந்ததும், 1956ஆம் ஆண்டுச் சட்டத்தின் வழி மெட்ரிக் அளவைகள் படிப்படியாகப் பரவியதும் அந்தப் பிணைப்பை அறுத்தன. 16 அணா, 64 பைசா, 192 தம்பிடி எனப் பகுபட்ட ரூபாய் 100 நயா பைசாவானது. 3 என்னும் காரணி 192இல் உண்டு, 100இல் இல்லை. பதின்ம முறை கணக்கீட்டை எளிமையாக்கியது என்பதில் ஐயமில்லை. மூன்றாகப் பகுக்கும்போது எழும் முடிவிலாப் பின்னத்தை மட்டும் அது மாணவரிடமே விட்டுவிட்டது.

முடிவுரை

பலாச்சுளைக் கணக்கையும் பூசணி விதைக் கணக்கையும் இயற்கை விதிகளாகக் கொண்டால் அவை பிழையானவை. அப்பிழையை மறைத்துப் போற்றுவது மரபுக்குப் பெருமை சேர்ப்பதாகாது. ஒரு பழத்தைப் பிளந்து எண்ணும் மாணவர் முன் அப்பெருமை நிலைக்காது. அவற்றை மடங்குப் பயிற்சிகளாகக் கொண்டால், எந்த எண்ணால் வகுப்பது எளிது, எதற்கு முன்னேற்பாடு தேவை என்பதை அறிந்த ஆசிரியரின் கை அவற்றில் புலப்படுகிறது.

இம்முடிவு இரு பாடல்களின் அளவில் கூறப்பட்டது. நூல் முழுவதிலும் இதனைச் சோதிக்க வழியுண்டு. கணக்கதிகாரத்திலும் ஆஸ்தான கோலாகலம் போன்ற பிற கணித நூல்களிலும் 3, 7, 9 ஆகியவற்றால் வகுக்கும் இடங்களைத் தொகுத்து, அங்கெல்லாம் தொகை முன்னரே அவற்றின் மடங்காக்கப்பட்டுள்ளதா, அளவைகளின் வழி பின்னம் தவிர்க்கப்பட்டுள்ளதா, அன்றிப் பின்னம் அவ்வாறே விடப்பட்டுள்ளதா என்று பகுத்துப் பார்க்கலாம். காப்பற்ற இடங்களே மிகுதியாயின் இங்கு முன்வைக்கப்பட்ட வாசிப்பைத் திருத்த வேண்டும். சுவடிகளின் பாடவேறுபாடுகளும் அவ்வாய்வில் இடம்பெற வேண்டும். ஒரு பாடத்தில் 3ஆல் பெருக்கும் படி விடுபட்டிருப்பின் அது எழுதியவரின் சோர்வா, வேறு மரபா என்பதைக் கணக்கைக் கொண்டே தீர்மானிக்க இயலும்.

வகுப்பறைக்கும் இவ்வாசிப்பு பயன்படும். பூசணிக் கணக்கை மாணவரிடம் தந்து, ஐந்து படிகளையும் ஒரே பெருக்கலாகச் சுருக்கச் சொல்லலாம். விடை ஏன் எப்போதும் முழுவெண்ணாக வருகிறது என்று வினவலாம். பலாக் கணக்கில் ஏன் அவ்வாறு வருவதில்லை என்று ஒப்பிடச் சொல்லலாம். பின்னர் ஒரு காயைப் பிளந்து விதைகளை எண்ணச் சொல்லலாம். எண்ணிக்கை பொருந்தாது. கணக்கு சரியாக இருந்தும் விடை உண்மையோடு ஏன் பொருந்தவில்லை என்ற வினா அப்போது எழும். அவ்வினாவை எழுப்பும் பாடமாகக் கணக்கதிகாரம் வகுப்பறைக்குள் மீண்டும் நுழையலாம்.